பலகைக்கு வெளியே பூத்தவை

அன்புள்ள தங்கச்சிக்கு,

குட்டை அண்ணன் எழுதுவது. நீ அனுப்பிய கம்பளிச் சட்டை கச்சிதமாக இருக்கிறது. உன் அண்ணிக்குக் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. இப்போது என் நரையை ஒவ்வொன்றாக எண்ணிக்கொண்டிருக்கிறாள். உனக்கும் குழந்தைக்கும் அங்கத்துக் குளிர் பழகிவிட்டதா? ஃபோனில் சொல்ல நாக்கு எழாததால்தான் எழுதுகிறேன். குழந்தை பக்கத்தில் இல்லாதபோது படி.

பூ எண்ணும் வேலை இந்த வருடம் சீக்கிரமே தொடங்கிவிட்டது. இந்தச் சதுப்பின் மேட்டுச் சரிவில் மட்டும்தான் அந்த ஆர்க்கிட் உண்டு என்று உனக்குத் தெரியும். மரத்தில் தொற்றாது, மண்ணில்தான் முளைக்கும். விரல் உயரத் தண்டு, வெளுத்த பச்சைப் பூ, நடுவில் ஒரு கறுப்புப் புள்ளி. விதை மாவைவிட மெல்லிசு. மண்ணுக்குள் ஏதோ ஒரு பூஞ்சையை ஒட்டிக்கொண்டு பல வருடம் கண்ணில் படாமல் கிடக்கும். பிறகு ஒரு நாள் தலைகாட்டும். "இதுக்கு இருக்கிற பொறுமையில பாதி நம்ம ஆபீசருக்கு இருந்தா போதும்" என்பான் உன் வீட்டுக்காரன்.

போன செவ்வாய்க்கிழமை, சதுப்பின் மேல் போட்ட பலகைப் பாதையிலிருந்து தள்ளி, யாரும் இறங்காத சேற்றுப் பாசிக்கு நடுவில் ஒரு பூவைப் பார்த்தேன். இருபது வருடத்தில் அங்கே ஒன்றுகூடப் பூத்ததில்லை. எனக்குத் தலைகால் புரியவில்லை. மாற்றுப் பலகையைப் போட்டுப் போட்டுப் போய், பக்கத்தில் ஒரு அடையாளக் கொடி நட்டேன். கொஞ்சம் தள்ளி இன்னொரு பூ. அப்புறம் இன்னொன்று. பொழுது சாய்வதற்குள் கையிலிருந்த கொடிகள் எல்லாம் தீர்ந்துவிட்டன. திரும்பி வந்து பாதையில் நின்று பார்த்தபோதுதான் தெரிந்தது. கொடிகள் நடந்துகொண்டிருந்தன. இடது, வலது, இடது, வலது.

மறுநாள் பல்கலைக்கழகத்திலிருந்து ஆய்வாளர் அம்மா வந்து நாடா பிடித்து அளந்தார். "பூட்ஸ்ல ஒட்டியிருந்த விதைங்க. மிதிச்ச பள்ளத்துல முளைச்சிருக்கு. ஆறேழு வருஷம் ஆகியிருக்கும்" என்றார். நாடாவைச் சுருட்டிக்கொண்டே, "ரெண்டு பேர் நடந்திருக்காங்க. ஒருத்தருக்கு நீள எட்டு, இன்னொருத்தருக்குக் குட்டை எட்டு. குட்டை எட்டுக்காரர் பாதியிலேயே திரும்பிட்டார் போல" என்றார். நீள எட்டு மட்டும் தொடர்ந்து போகிறது. கறுப்புத் தண்ணீர்க் குழியின் விளிம்பு வரை பூ இருக்கிறது. அதற்கப்புறம் இல்லை.

நெட்டையும் குட்டையும் என்று உன் வீட்டுக்காரனையும் என்னையும் கேலி செய்யாத ஆள் கிடையாது. உனக்கு இந்நேரம் புரிந்திருக்கும். ஆனாலும் நான் என் கையால் எழுதியாக வேண்டும்.

அவன் காணாமல் போன அன்று சரிவில் காய் வெடிக்கிற பருவம். எங்கள் பூட்ஸெல்லாம் விதைத் தூள். குழந்தைக்குக் காய்ச்சல் என்று நீ ஃபோன் செய்தாய். பலகையில் சுற்றிப் போனால் நாலு மணி பஸ் போய்விடும். "குறுக்கே போயிடறேன் குட்டை" என்றான். மூத்தவன், நான் தடுத்திருக்க வேண்டும். "பார்த்துப் போடா" என்றேன். அவன் இறங்கிக் கொஞ்ச நேரத்தில் பனி மூடிவிட்டது. அதற்குள்ளிருந்து என்னைக் கூப்பிட்டான். கத்தவில்லை. பக்கத்து அறையிலிருந்து கூப்பிடுவது மாதிரி, "குட்டை, கொஞ்சம் வாயேன்" என்றான். இறங்கினேன். பன்னிரண்டு எட்டு. அடுத்ததில் கால் முழங்கால்வரை உள்ளே போனது. பிடுங்கிக்கொண்டு திரும்பிவிட்டேன். பலகையில் உட்கார்ந்திருந்தபோது இன்னும் மூன்று தடவை கூப்பிட்டான். நான் பதில் கொடுக்கவில்லை. கொடுத்தால் போக வேண்டியிருக்குமே என்று பயம்.

தேடி வந்தவர்களிடம், அவன் பஸ் ரோட்டில் ஏறியதைக் கண்ணால் பார்த்தேன் என்றேன். பலகையை விட்டு இறங்க விட்டதற்கு வேலை போய்விடும் என்று நினைத்தேன். அந்தப் பொய்யால் யாரும் சதுப்பில் தேடவே இல்லை. எவளோடோ போய்விட்டான் என்று பேச்சு கிளம்பியது. ஊர் வாயை மூட உலைமூடி ஏது என்று உன்னைத் தேற்றியவனும் நான்தான்.

இதையும் மறைக்க மாட்டேன். ஆய்வாளர் அம்மா வருவதற்கு முன்பே, கொடி நட்ட அன்றே, என் எட்டுகளில் பூத்தவற்றைத் தோண்டி எடுத்துவிடலாம் என்று கொத்துக்கரண்டியோடு போனேன். முதல் பூவில் கை வைத்தேன். காற்று துளிகூட இல்லை. என் பக்கத்துப் பூக்கள் அசையாமல் நின்றன. குழியோரத்தில் இருந்தவை மட்டும் மெதுவாக ஆடிக்கொண்டிருந்தன. கையை எடுத்துவிட்டேன்.

இன்று காலை போலீஸ் ஸ்டேஷனில் எல்லாவற்றையும் எழுதிக் கொடுத்தேன். திங்கட்கிழமை குழியில் தேடப் போகிறார்கள். பூக்களை மிதிக்காமல் மறுபக்கமாக வாருங்கள் என்று கேட்டிருக்கிறேன். என்னை என்ன செய்வார்களோ, செய்யட்டும். உன் அண்ணிக்கு இன்னும் சொல்லவில்லை. உன்னிடம் மன்னிப்புக் கேட்க எனக்கு வாய் இல்லை.

பூ இன்னும் பத்து நாள் நிற்கும். முடிந்தால் குழந்தையைக் கூட்டிக்கொண்டு வா. பூக்கள் நூல் பிடித்தது போல பஸ் ரோட்டைப் பார்த்துத்தான் போகின்றன, உன் வீட்டு வழியை. வர முடியாவிட்டாலும் பரவாயில்லை, இது ஒன்றை மட்டும் செய்யம்மா. அப்பா நம்மை விட்டுவிட்டுப் போய்விட்டார் என்று அவளிடம் சொல்லி வைத்திருக்கிறாயே, அதை மாற்றிச் சொல்லிவிடு. அவர் போகவில்லை. வந்துகொண்டிருந்தார்.

இப்படிக்கு,
குட்டை