ஓரத்தில் நீ எழுதிய கேள்வி

தங்கச்சி,

நேற்று அலமாரியின் அடியிலிருந்து நீ கொடுத்த காகிதக் கட்டை எடுத்தேன். கிளிப் துருப்பிடித்துவிட்டது. வேன் சீட்டின் வாசம் மட்டும் போகவில்லை. எழுத்துக்கூட்டிப் படித்தேன். ஆமாம், எழுபத்திரண்டு வயதில் படிக்கிறேன். பிரிக்பீல்ட்ஸில் ஞாயிற்றுக்கிழமை தமிழ் வகுப்பு. கோயில் நோட்டீஸ், சாப்பாட்டுக்கடைப் பலகை, ஊறுகாய் பாட்டில் எதையும் விடுவதில்லை. இந்தச் சந்தோஷத்தைச் சொல்லத்தான் உனக்கு எழுத நினைத்தேன். கடிதம் வேறு பக்கம் போய்விட்டது.

அதைக் கொடுத்த காலத்தில் நீ டிவி நாடக நடிகை, நான் படப்பிடிப்பு வேன் டிரைவர். கிள்ளானில் உன்னை ஏற்றி, ஷா ஆலம், டெங்கில் என்று வேலை நடக்கும் இடத்தில் இறக்குவேன்.

"எதுல நடிச்சாலும் அழுவுற வேஷம்தாண்ணே. இனிமே நானே எழுதப்போறேன்" என்றாய். வேனில் மடிமேல் அட்டை வைத்து எழுதினாய். முடித்ததும் முதலில் ஒரு பிரதியை என்னிடம் நீட்டினாய்.

"படிச்சுட்டு உண்மையச் சொல்லுங்கண்ணே. சும்மா நல்லா இருக்குன்னு சொல்லாதீங்க லா."

எனக்கு எழுத்துத் தெரியாது என்று சொல்ல வெட்கம். இரண்டு நாள் வைத்திருந்தேன். யாராவது பார்த்தால் பக்கத்தைத் திருப்பினேன். பிறகு, "எல்லாம் சரிதாம்மா, அப்படியே எடுக்கலாம்" என்றேன்.

நாடகம் டிவியில் வந்தது. அதில் ஒரு வேன் டிரைவர். மனைவி ஆஸ்பத்திரியில் உயிர்விடும் நேரத்தில், மேலே போகப் பயந்து, கார் பார்க்கில் உட்கார்ந்து நாசி லெமாக் சோற்றுப் பொட்டலத்தைத் தின்கிறான். டெங்கிலில் மழை விடக் காத்திருந்த அன்று, உன்னிடம் மட்டும் நான் சொன்னது அது.

பக்கத்திலிருந்த என் மகள் டிவியைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தாள்.

"அன்னிக்கு ஜாம்ல மாட்டிக்கிட்டேன்னு சொன்னீங்களேப்பா?"

"அது அவ கட்டுன கதை" என்றேன்.

மறுநாள் ஷா ஆலமில், டைரக்டர் முன்னால், "என் வீட்டுச் சாவ என்னக் கேக்காமத் திருடி எழுதிட்டா" என்று கத்தினேன்.

"ஓரத்துல எழுதிக் கேட்டேனேண்ணே" என்றாய். "அந்தப் பேப்பரக் காட்டுங்க."

"ஒண்ணும் எழுதல. நான் அதத் தூக்கிப் போட்டுட்டேன்."

நான் பொய் பேசுகிறவன் இல்லை என்று எல்லோரும் நம்பினார்கள். அடுத்த கதையை அவர்கள் உன்னிடம் வாங்கவில்லை. திரும்பவும் அழுகிற வேஷத்துக்குப் போனாய். போன வருடம் நீ இறந்தபோது கிள்ளானுக்கு வந்தேன். உன் வீட்டுத் தெருமுனையில் வண்டிக்குள்ளேயே இருந்துவிட்டுத் திரும்பினேன். ஆஸ்பத்திரியிலும் மேலே போகாதவன்தானே நான்.

நேற்று படித்துக்கொண்டே போனதில் கார் பார்க் காட்சி எழுதிய பக்கம் வந்தது. ஓரத்தில் உன் கையெழுத்து: "அண்ணே, இது உங்க வாழ்க்கை. வேணாம்னா குறுக்கே ஒரு கோடு போடுங்க. எடுத்துடறேன்."

ஒரு கோடு. அன்றைக்கும் எனக்குக் கோடு போடத் தெரியும்.

இரவு சாப்பாட்டுக்குப் பிறகு அந்தப் பக்கத்தை மகளுக்கு நானே வாசித்தேன். திக்கினேன். அவள் எடுத்துக்கொடுக்கவில்லை. முடிந்ததும், "அன்னிக்கே தெரியும்ப்பா. அந்தக்கா பாவம்" என்றாள்.

உன் கேள்விக்குக் கீழே பென்சிலால், "இருக்கட்டும்மா. நடந்ததுதான்" என்று எழுதியிருக்கிறேன். நாளை பங்சாரில் டைரக்டர் வீட்டுக்குப் போகிறேன். காகிதத்தை அவர் கையில் கொடுக்கமாட்டேன். நானே வாசிப்பேன். ஒரு பக்கத்துக்குக் கால் மணி நேரம் ஆகும். அவர் உட்கார்ந்து கேட்கட்டும்.