பாட்டில்லாத வீடியோ

அன்புத் தம்பி,

நீ போன் எடுப்பதில்லை. அதனால்தான் எழுதுகிறேன்.

இன்று கொழும்பில் அத்தானின் தடுப்புக் காவல் உத்தரவுக்கு எதிரான எங்கள் மனுவை எடுத்தார்கள். அவரை எதற்காகப் பிடித்தார்கள் என்று அரச தரப்பு அங்கேதான் முதல் தடவையாக வாய் திறந்தது. கார்த்திகை விளக்கீட்டன்று நீர்வேலியில் எங்கள் வாசல் படலையடியில் வாழைக்குற்றி நட்டு அவர் விளக்கேற்றிய வீடியோ பேஸ்புக்கில் வந்ததாம். அதில் புலிகளின் இயக்கப் பாட்டு ஒலிக்கிறதாம்.

அன்றைக்கு எங்கள் வளவில் பாட்டே இல்லை. மகள்தான், “அப்பா, ஏன் கதலி வாழையை வெட்டினனீங்கள்?” என்று கேட்டாள். “விளக்கீட்டுக்கு, குஞ்சு” என்றார் அவர். அதை எடுத்து உனக்கு மட்டும்தான் அனுப்பினேன்.

வெளியே வந்ததும் லோயர் கேட்டார்: “உந்தப் பாட்டை ஆர் போட்டது, தங்கச்சி?”

உன் பெயரை நான் சொல்லவில்லை.

என் போனைப் பொலிஸ் கொண்டுபோய்விட்டது. மகளின் குரல் உள்ள வீடியோ இனி உன்னிடம்தான் இருக்கிறது. அதை அனுப்பு. கனடாவில் உன்னை ஒருவரும் பிடிக்கமாட்டார்கள். லோயர் கேட்ட கேள்விக்கும் உன் கையாலேயே பதில் எழுதி, கையெழுத்து வைத்து அனுப்பு.

உன் அக்கா