விருந்தாளிக்காகச் சூடேற்றிய வீடு

மே 6, திங்கள்

காலையில் தண்ணீர்க் குழாய் உறைந்து கிடந்தது. எங்களுக்குக் குளிர்காலம் ஜூனில்தான் ஆரம்பம், மே மாதத்து முதல் வாரத்திலேயே குழாயைக் கல்லாக்குகிற குளிரை சிலி நாட்டின் தெற்கே இருக்கிற இந்தக் கொய்ஹைகே ஊரில் என் எழுபத்தொரு வருஷத்தில் மூன்று தடவைதான் பார்த்திருக்கிறேன். முதல் தடவை மலைப்பாதையில் என் குதிரை நின்ற நிலையிலேயே உறைந்துபோய், வசந்தம் வந்த பிறகுதான் நகர்ந்தது. சரி, ஒரு மணி நேரம். ஒரு மணி நேரம் நகரவில்லை.

நெலிடா வெந்நீர் ஊற்றிக் குழாயை இளக்கிவிட்டு ரொட்டிக் கூடையைத் தூக்கிக்கொண்டு போனாள். என் செத்துப்போன அண்ணனின் மகள். நாற்பத்தாறு வயது. ரொட்டி சுட்டு வீடு வீடாகக் கொடுத்துத்தான் பிழைப்பு. நான் அவள் வீட்டில் இருக்கிறேன். வெளியே சொல்லும்போது அவள் என் வீட்டில் இருக்கிறாள் என்று சொல்வது வழக்கம்.

கொட்டகையில் விறகு ஜூன் பாதி வரைக்கும் வரும். அதற்குள் ஏழை வீடுகளுக்கு அரசாங்கம் கொடுக்கிற விறகு வந்துவிடும். போன வருஷம் வந்ததே. பட்டியல் நாளைக்கு ஒட்டுகிறார்களாம்.

மே 7, செவ்வாய்

பட்டியலை நகராட்சி வாசலில் ஒட்டியிருந்தார்கள். எனக்குப் படிக்கத் தெரியும். மூன்றாம் வகுப்போடு நின்றேன், அதற்கு மேல் சொல்லிக்கொடுக்க வாத்தியாரிடம் சரக்கு இல்லை. மேலிருந்து கீழே ஒரு தடவை பார்த்தேன், கீழிருந்து மேலே ஒரு தடவை. பக்கத்து வீட்டு ஒனோஃப்ரே பெயர் இருக்கிறது. நெலிடா பெயர் இல்லை.

உள்ளே போய்க் கேட்டேன். சன்னலுக்குப் பின்னால் இருந்த பெண் கணினியைத் தட்டிப் பார்த்துவிட்டு, உங்கள் வீடு வசதியான வீடு, அதனால் உதவி கிடையாது என்றாள்.

"நாப்பது ஆடு, ஒரு லாரி, அஞ்சு அறை, எல்லா அறையிலயும் வெப்பக் குழாய். அப்படித்தான் பதிஞ்சிருக்கு ஐயா. கீழ கையெழுத்தும் இருக்கு."

திரையை என் பக்கம் திருப்பிக் காட்டினாள். பெலார்மினோ என்கிற கையெழுத்து அழகாகத்தான் இருந்தது. என்னுடையது.

மே 9, வியாழன்

தூக்கம் வரவில்லை. எழுதினால் வருமா?

ஜனவரியில் நடந்தது. கணக்கெடுக்க ஒருத்தி வந்தாள், மழையில் நனைந்து, பாவம். நெலிடா ரொட்டி கொடுக்கப் போயிருந்தாள். உட்கார வைத்து எங்கள் ஊர் மாத்தே இலைத் தேநீர் ஊற்றிக் கொடுத்தேன். அவள் உறிஞ்சிக் குடித்துக்கொண்டே கேட்டாள், நான் சொன்னேன்.

ஆடு நாற்பது உண்மைதான். முப்பது வருஷத்துக்கு முன்னால் நான் மேய்த்தவை, வேறொருத்தருடையவை. லாரி நம் முற்றத்தில்தான் நிற்கிறது. ஒனோஃப்ரேயுடையது, அவன் வாசல் குறுகல். அறை ஐந்து, கோழிக்கூட்டையும் கொட்டகையையும் சேர்த்தால். வெப்பக் குழாய்? அதை ஏன் சொன்னேன்? ஜெர்மனியிலிருந்து வந்தது என்று வேறு சொன்னேன். ஒரு மணி நேரம் என் பேச்சைக் கேட்டாள். யாரும் நடுவில் "போதும்" என்று சொல்லவில்லை. அவள் எழுத எழுத எனக்கு உற்சாகமாகிவிட்டது. அவ்வளவுதான் குற்றம்.

பட்டியல் வந்ததா என்று நெலிடா கேட்டாள். இன்னும் ஒட்டவில்லை என்றேன்.

மே 15, புதன்

நெலிடா பின்னறை இரண்டையும் மூடிவிட்டாள். கதவிடுக்கில் பழைய கம்பளி சுருட்டி வைத்தாயிற்று. இரண்டு பேருக்கும் சமையலறையில்தான் படுக்கை, அடுப்புக்கு அந்தப் பக்கம் அவள், இந்தப் பக்கம் நான். ராத்திரி அடுப்பை அணைத்துவிடுகிறாள். விறகு மிச்சம் பிடிக்கிறாளாம்.

குளிரில் ரொட்டிமாவு பொங்க மாட்டேன் என்கிறது. அதனால் மாவுச் சட்டியைத் துணி சுற்றித் தன் போர்வைக்குள்ளேயே வைத்துக்கொண்டு படுக்கிறாள். காலையில் பார்த்தால் குழந்தையை அணைத்த மாதிரி அதை அணைத்துக்கொண்டு கிடக்கிறாள். கேலி செய்யலாம் என்று வாயைத் திறந்தேன். மூடிக்கொண்டேன்.

மே 20, திங்கள்

போனேன். நகராட்சியில் கேட்டேன், தப்பைத் திருத்தலாமாம். அதற்கு ஒரு விண்ணப்பம் இருக்கிறது. கால்நடை உண்டா, இல்லை. வண்டி உண்டா, இல்லை. ஒரே பக்கத்தில் பதினோரு "இல்லை" எழுதினேன். இந்தக் கையால் காட்டுக்குதிரையை அடக்கியிருக்கிறேன், அன்றைக்கு வலிக்காத கை இன்றைக்கு வலித்தது.

சன்னல்காரி முழுவதையும் வாசித்துவிட்டு என்னை நிமிர்ந்து பார்த்தாள். அஞ்சு மாதத்தில் நாற்பது ஆடும் எங்கே போயின என்று கேட்கவில்லை. நல்ல பெண். ஒரு அதிகாரி வீட்டுக்கு வந்து நேரில் பார்ப்பார், பார்த்து எழுதுவதுதான் முடிவு, இந்தக் குளிர்காலத்துக்கு இதுதான் கடைசிச் சந்தர்ப்பம் என்றாள்.

மே 27, திங்கள்

நெலிடாவிடம் பாதி சொன்னேன். பட்டியலில் சேர்ப்பதற்கு முன்னால் வீட்டை ஒரு பார்வை பார்க்க ஆள் வருகிறது என்று. பொய் இல்லை. மீதிப் பாதியைச் சொல்லவில்லை, அவ்வளவுதான்.

ஒனோஃப்ரே வேலிக்கு மேல் எட்டிப் பார்த்து, யார் வர்றாங்களாம் என்று கேட்டான். அரசாங்கம் என்னிடம் யோசனை கேட்க ஆள் அனுப்புகிறது என்று சொல்லிவிட்டேன். வாய் தானாகச் சொல்கிறது. நான் என்ன செய்ய?

ஜூன் 3, திங்கள்

புதன்கிழமை பதினோரு மணிக்கு ஒரு பெண் அதிகாரி வருகிறாராம்.

ஜூன் 4, செவ்வாய்

நெலிடா இருமுகிறாள். நான் பார்த்தால் நிறுத்திக்கொள்கிறாள்.

ஜூன் 5, புதன்

இன்றைக்கு நடந்ததை ஒன்றும் கூட்டாமல் எழுதுகிறேன்.

விடிவதற்கு முன்னாலேயே நெலிடா எழுந்து அடுப்பைப் பற்றவைத்தாள். எப்போதும் எரிக்கிற ஈரக் கட்டை இல்லை. கொட்டகை மூலையில் மிச்சம் பிடித்து ஜூலைக்கென்று ஒதுக்கி வைத்திருந்த காய்ந்த விறகு, ஒன்று பாக்கியில்லாமல் உள்ளே போனது. எட்டு மணிக்கெல்லாம் அடுப்பு சிவந்துவிட்டது. நான் மெதுவாக, கொஞ்சம் கம்மியா எரிச்சா என்ன, வர்ற பொம்பளை குளிரைப் பாக்க வேண்டாமா என்றேன்.

"நம்ம வீட்டுக்கு வர்ற மனுஷியைக் குளிர்ல உக்கார வைக்கச் சொல்றீங்களா சித்தப்பா? எங்க அப்பா இருந்தா உங்களை வெளியில நிக்க வச்சிருப்பாரு."

பத்து மணிக்கு ஒனோஃப்ரே வந்தான். தள்ளுவண்டி நிறைய லெங்கா மரத்து விறகு, நெருப்புப் பெட்டி மாதிரி காய்ந்தது. மேலே ஆட்டுத் தொடை ஒன்று. அவன் வீட்டு வரவேற்பறைக் கம்பளம் தோளில். அரசாங்கம் யோசனை கேட்க வருகிற இடத்தில் வெறும் தரையா என்றான். விரித்தான். தொடையை அடுப்பில் வைத்தான். தானும் உட்கார்ந்துகொண்டான்.

பதினோரு மணிக்கு அந்தப் பெண் வந்தாள். யாஸ்னா என்று பெயர், நகராட்சி சமூகநல அதிகாரி. உள்ளே வந்ததும் மேல்கோட்டைக் கழற்றினாள். கழுத்துத் துணியைக் கழற்றினாள். கம்பளிச் சட்டையையும் கழற்றினாள். "வீடு நல்லா கதகதன்னு இருக்கே" என்று சொல்லிக்கொண்டே எழுதினாள். நெலிடாவுக்கு முகமெல்லாம் பூரிப்பு.

வெளியே நிற்கிற லாரி யாருடையது என்று கேட்டாள்.

நான் வாயைத் திறப்பதற்குள் ஒனோஃப்ரே முந்திக்கொண்டான். இருபது வருஷமாக என் கதைகளைக் கேட்டவன். ஒரு நாளும் என்னை நாலு பேர் முன்னால் விட்டுக்கொடுக்காதவன்.

"அதுவா? பெலார்மினோவோடதுதான். வேற யாரோடது? ஊர்ல யாரைக் கேட்டாலும் சொல்லுவாங்க."

அவள் அதையும் எழுதினாள். பேனா ஓடியது. அந்தச் சத்தம் எனக்குக் கேட்டது.

நெலிடா ரொட்டி அறுத்துக்கொண்டிருந்தாள். அவள் முதுகுதான் எனக்குத் தெரிந்தது. அப்புறம் பேசினது நான்தான், குரல் என் குரல் மாதிரியே இல்லை.

"அம்மா, அதை அடிச்சிடுங்க. லாரி அவனோடது. இந்த விறகு அவனோடது, ஆட்டுத் தொடை அவனோடது, நீங்க மிதிச்சிட்டிருக்கிற கம்பளமும் அவனோடது. ஜனவரியில நாப்பது ஆடுன்னு சொன்னவன் நான். வெப்பக் குழாய்னு சொன்னவன் நான். இந்தப் பொண்ணுக்கு ஒண்ணும் தெரியாது. என்னாலதான் இவ பேரு போச்சு."

ரொட்டி அறுக்கிற சத்தம் நின்றது. ஒனோஃப்ரே தன் கம்பளத்தையே பார்த்துக்கொண்டிருந்தான்.

யாஸ்னா சந்தேகப்பட்டாள். அது அவள் வேலை. இப்ப சொல்றது மட்டும் நிசம்னு நான் எப்படி நம்புறது ஐயா என்றாள். எழுந்துபோய்க் கதவிடுக்குக் கம்பளியைக் காலால் தள்ளிவிட்டு நெலிடாவின் அறையைத் திறந்தேன். உள்ளே நம் மூச்சு புகையாக வந்தது. சன்னலுக்கு உள்பக்கம் பனி, விரல் கனத்துக்கு. கட்டிலில் மெத்தை இல்லை, அது சமையலறைக்கு வந்துவிட்டதே. பிறகு கொட்டகை. அங்கே ஈரக் கட்டை பதினேழு கிடந்தது. இருபது என்று சொல்ல வந்தது. பதினேழு என்றேன். அவள் தானும் எண்ணினாள்.

திரும்பி வரும்போது, ராத்திரி எங்கே படுக்கறீங்க என்று நெலிடாவிடம் கேட்டாள். நான்தான் சொன்னேன், இங்கே தரையில், ரொட்டிமாவைக் கட்டிப் பிடித்துக்கொண்டு என்று. யாஸ்னா எழுதவில்லை. கொஞ்ச நேரம் நெலிடாவையே பார்த்தாள். பிறகு உட்கார்ந்து மெல்ல, ரொம்ப நேரம் எழுதினாள்.

சாப்பிட்டுவிட்டுத்தான் போனாள். நெலிடா விடவில்லை.

அவள் போன பிறகு நெலிடா கேட்டது ஒன்றே ஒன்று. "நாப்பது ஆடா சித்தப்பா?"

ஜூன் 6, வியாழன்

மாத்தே ஒரே கிண்ணத்தில் ஆள் ஆளாகச் சுற்றி வரும், அந்தச் சுற்றில் நெலிடா என்னைத் தாண்டிவிட்டாள். கிண்ணத்தை நிரப்பி ஒனோஃப்ரேக்குக் கொடுத்தாள், தான் குடித்தாள், மறுபடி ஒனோஃப்ரே. நடுவில் நான் உட்கார்ந்திருக்கிறேன். ஒனோஃப்ரே என் பக்கம் பார்க்காமல் உறிஞ்சினான். இந்த ஊரில் ஒருவனை இதைவிட மோசமாகத் திட்ட முடியாது.

ஜூன் 7, வெள்ளி

இன்றைக்கும் தாண்டினாள்.

ஆனால் ராத்திரி என் போர்வைமேல் அவளுடைய கோட்டு கிடந்தது. நான் தூங்குகிறேன் என்று நினைத்துப் போட்டிருக்கிறாள். அவளுக்கு அது வேண்டாமா? திரும்ப அவள்மேல் போட்டேன். காலையில் பார்த்தால் மறுபடி என்மேல்.

ஜூன் 9, ஞாயிறு

கிண்ணம் என் கைக்கு வந்தது. நெலிடாதான் நீட்டினாள். சர்க்கரை போட்டிருந்தாள், எனக்கு மட்டும். நாக்கு பொசுங்கியது. ஒரே மூச்சில் குடித்தேன்.

அப்புறம் தானாகவே ஆரம்பித்தாள். நான் சொன்ன உறைந்துபோன குதிரைக் கதையை எட்டு வயதில் அவள் பள்ளிக்கூடத்தில் போய்ச் சொன்னாளாம். டீச்சர் முட்டி போட வைத்தாளாம். முப்பத்தெட்டு வருஷமாக இதை என்னிடம் சொல்லவில்லை.

"அன்னைக்கு முட்டி போட்டுக்கிட்டே என்ன நினைச்சேன் தெரியுமா? டீச்சருக்குக் குதிரையைப் பத்தி ஒண்ணும் தெரியலன்னு நினைச்சேன்."

சிரித்தாள். சிரிப்பு இருமலாயிற்று. முதுகைத் தடவிவிட்டேன். அரசாங்கத்து விறகு வராமல் போனால்? ஒனோஃப்ரேயின் தள்ளுவண்டி விறகு இன்னும் நாலு நாளைக்கு வரும். அதற்குப் பிறகு?

ஜூன் 14, வெள்ளி

கோழிக்கூட்டைப் பிரித்து எரித்தோம். கோழி ஏற்கெனவே இல்லை. ஆக வீட்டில் இப்போது நாலு அறைதான்.

ஜூன் 28, வெள்ளி

நகராட்சியிலிருந்து நெலிடாவுக்குப் போன். மாவுக் கையோடு காதில் வைத்துக்கொண்டு "சரிங்க, சரிங்க" என்று ஏழு தடவை சொன்னாள். பதிவேட்டைத் திருத்திவிட்டார்கள். விறகு உண்டு. செவ்வாய்க்கிழமை வரும். போனை வைத்துவிட்டு உட்கார்ந்தாள். போனெல்லாம் மாவு.

யாஸ்னா தன் அறிக்கையில் என்ன எழுதினாள் என்று எனக்குத் தெரியாது. எனக்காக அமைச்சரிடமே பேசியிருப்பாள் என்று ஒனோஃப்ரேயிடம் சொன்னேன். இருக்கலாம்தானே?

ஜூலை 2, செவ்வாய்

காய்ந்த விறகு. தட்டினால் மணி மாதிரி சத்தம் வருகிறது. முழுவதையும் தனியாளாக அடுக்கினேன். ஒனோஃப்ரே கொஞ்சம் கை கொடுத்தான். நெலிடா நிறைய.

ராத்திரி அடுப்பை அணைக்கவில்லை.

ஜூலை 10, புதன்

பின்னறைக் கதவுகள் திறந்தே கிடக்கின்றன. சன்னல் பனி கரைந்து தரையில் ஓடியது, துடைத்தாயிற்று.

மத்தியானம் நெலிடா தலைக்குக் குளித்தாள். வார நடுவில். ஏப்ரலுக்கு அப்புறம் வீட்டில் அவள் தலைக்கு ஊற்றிக்கொண்டு நான் பார்க்கவில்லை, எப்போதும் தலையில் கம்பளிக் குல்லாதான். தன் அறையில் கட்டிலில் உட்கார்ந்து, வெறுங்காலோடு, முடியை முன்னால் போட்டுச் சீப்பால் பிரித்துக்கொண்டிருந்தாள். இவ்வளவு நரைத்திருக்கிறதா? அண்ணன் முடி மாதிரியே சுருள்.

ஒனோஃப்ரே மாத்தே குடிக்க வந்தான். கதவைத் தட்டுவதற்குள் நான் வெளியே போய், இன்றைக்கு வேண்டாம், நாளைக்கு வா என்றேன். ஏன், பெரிய ஆள் யாராவது வந்திருக்காங்களா என்று கேட்டான்.

"இல்லப்பா. நெலிடா தலை காய வைக்கிறா" என்றேன்.