நாலு நெட்டை, ரெண்டு குட்டை

செவ்வாய்க் கோள், தெற்குப் பள்ளத்தாக்கு. நாள் 61. காலை 9.10
பதிவு செய்பவர்: பிலோமினா, நிலவியலாளர். தனிப் பயணம். பாறை மாதிரிகள் ஏற்றியாகிவிட்டன. லேசான புழுதிக் காற்று. மதியச் சாப்பாட்டுக்கு முகாம் திரும்பிவிடுவேன்.

காலை 11.25
வண்டி நின்றுவிட்டது. திரை இருண்டு கிடக்கிறது. பழுதைப் படிக்கும் ஸ்கேனர் முகாமில் இருக்கிறது. ஸ்டியரிங் அருகே ஒரு மஞ்சள் விளக்கு மட்டும் எரிகிறது.

முகாம் மெக்கானிக் சுடலைமுத்துவை வயர்லெஸ்ஸில் கூப்பிட்டேன். ஸ்டியரிங்குக்குக் கீழே உள்ள சாக்கெட்டில் ஓர ஊசிகள் இரண்டையும் கம்பித் துண்டால் இணைக்கச் சொன்னான். விளக்கு விட்டுவிட்டு எரியும். நீளமாக எரிந்தால் பத்து, சட்டென்று அணைந்தால் ஒன்று; கூட்டினால் பழுதின் எண் என்றான். கம்பி ஒருமுறை நழுவியது. மறுபடி வைத்து, எண்ணிச் சொன்னேன்.

"நாலு நெட்டை, ரெண்டு குட்டையா? நாப்பத்திரெண்டு. பேட்டரி சூட்ட அளக்குற சென்சார் போயிருக்குக்கா. பேட்டரிக்கு ஒண்ணுமில்ல. சாவிய அணச்சுட்டு மறுபடி போடுங்க, ஓடும்."

காலை 11.50
ஓடுகிறது. ஆனால் இருக்கைக்கு அடியில் சூடு. ஹீட்டராக இருக்கும் என்றான் சுடலை. அவன் குரலைக் கேட்டதும் கொஞ்சம் தைரியம் வந்தது.

பகல் 12.20
வெளியே நிற்கிறேன். உடையின் பதிவுக் கருவியில் பேசுகிறேன். வண்டி எரிந்துவிட்டது. காலடியில் புகை வந்தது, அப்புறம் இருக்கை உருகியது. ஹெல்மெட்டை மாட்டிக்கொண்டு குதித்தேன்.

சென்சார் கெடவில்லை. சூடு அது அளக்கும் எல்லையையே தாண்டிவிட்டது. கணினி அந்த அளவை நம்பாமல் சென்சார் மேல் பழியைப் போட்டிருக்கிறது. பேட்டரியைக் குளிர்விக்கும் விசிறியைப் புழுதி அடைத்திருக்க வேண்டும்.

என் வயர்லெஸ்ஸில் பேசும் பாகம் தீயில் கருகிவிட்டது. கேட்க மட்டும் முடிகிறது.

பகல் 1.05
"யக்கா, ஒங்க சத்தத்தையே காணோம். ரெண்டாவது வண்டிய எடுத்துட்டுக் கெளம்பிட்டேன். அங்கனயே இருங்க."

அதே மாடல் வண்டி. அதே புழுதி. வராதே என்று கத்தினேன். ஹெல்மெட்டுக்குள் என் குரல்தான் எனக்குக் கேட்டது.

அவன் வராவிட்டால் மூச்சுக்காற்று தீர்ந்து நான் சாவேன். வரட்டும் என்றும் மனதில் ஓர் ஓரம் சொல்கிறது. அதை நினைத்தால்தான் அதிகம் பயமாக இருக்கிறது.

பகல் 1.40
"இங்கயும் மஞ்ச லைட்டு வந்து வண்டி நின்னுட்டுக்கா. கம்பி போட்டுப் பாத்தேன். அதே நாலு நெட்டை, ரெண்டு குட்டை. சென்சார்தான? மறுபடி எடுத்துட்டேன். வந்துக்கிட்டே இருக்கேன்."

பகல் 1.55
புழுதிக்குள் அவன் முகப்பு விளக்குகள். ஓடுகிறேன். இறங்கு என்று கையைக் காட்டுகிறேன். என்னைப் பார்த்துவிட்டான். வேகத்தைக் கூட்டுகிறான்.

"பாத்துட்டேங்க்கா. ஓடாதீங்க, நில்லுங்க. எதுக்கு இப்படிக் கைய... உள்ள ஒரு மாதிரி வெக்கையா இருக்கு. என்னமோ கருகுற..."

வண்டி நின்றுவிட்டது. விளக்குகள் எரிகின்றன. கண்ணாடிக்குள் புகை. கதவு திறக்கவில்லை. சுடலை, கதவைத் திற...