காருண்யத்துக்கு மாற்று வண்டி

என் தங்க மகள் டெஸ்ஸிக்கு, அம்மச்சி எழுதுவது. கர்த்தரின் கிருபையால் நானும் அப்பச்சனும் நலம். நீயும் ஜோமோனும் குழந்தையும் அந்த அயர்லாந்துக் குளிரில் சளி பிடிக்காமல் சுகமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். போனில் சொன்னால் பாதியில் அழுதுவிடுவேன், அதனால்தான் எழுதுகிறேன். மகளே, நாம் ஜெயித்துவிட்டோம்! நம் காருண்யம் பஸ் மலையேற்றத்தில் சேஸிஸ் விட்டுப்போய்ப் படுத்ததும், அதற்குப் பதிலாகத் திருச்சூரிலிருந்து ஒரு செகண்ட்ஹேண்ட் பஸ் வாங்கியதும் உனக்குத் தெரியும். அதற்குப் பிறகு நடந்ததைத்தான் பிரசவித்த உடம்பு என்று உன்னிடம் மறைத்தேன். பெர்மிட் நம்முடையது, ரூட் நம்முடையது, வண்டியை மட்டும் மாற்றிக்கொள்ள அனுமதி கேட்டோம், அவ்வளவுதான். ஆர்.டி.ஓ. ஆபீஸ் அதிகாரி பார்த்துவிட்டு, "வர்ற வண்டி போற வண்டியைவிட ஒரு வருஷம் பழசு, தர முடியாது" என்று தள்ளிவிட்டார். "சார், உங்க இன்ஸ்பெக்டர்தானே ஏறி இறங்கிப் பாத்து, ஓடலாம்னு எஃப்.சி. குடுத்தாரு?" என்று கேட்டேன். "அது வேற, இது வேற சேச்சி. பயணிகளுக்கு நல்ல வண்டியா வேணும்னு பாக்கிறது என் அதிகாரம்" என்றார்.

பஸ் முற்றத்தில் தார்ப்பாய்க்கு அடியில் நின்றது. நம் காலை டிரிப் நேரத்தைப் பிடிக்கக் காத்திருந்த பஸ் முதலாளி மத்தச்சன், தன் பஸ்கள் போதாதென்று வீட்டுக்கே வந்து, "ஏலிச்சேச்சி, வயசான காலத்துல எதுக்கு இந்தப் பாடு? பெர்மிட்டை எனக்கு எழுதிக் குடுத்துடுங்க" என்றான். அப்பச்சன் தலையாட்டிவிட்டார் தெரியுமா! கப்பைக் கிழங்கும் மீன்குழம்பும் அப்படியே தட்டில் காய, சண்டை போட்டேன். மேல் எஸ்டேட் கார்த்தியாயனி, டயாலிசிஸுக்குப் போகிற புருஷனைத் தாங்கிக்கொண்டு நம் பஸ் இல்லாமல் ஜீப்புக்காக மழையில் நின்றதை அன்று காலைதான் பார்த்திருந்தேன். கேஸ் போட, ஐகோர்ட் இருக்கிற கொச்சிக்குப் போனேன்.

ஹசீனா என்ற வக்கீல், உன் வயதுதான் இருக்கும், அந்த உத்தரவைப் படித்துவிட்டுச் சிரித்தாள். "ஆன்ட்டி, சட்டம் கேக்கிறது அதே ரக வண்டியான்னுதான். ரெண்டும் ஒரே ரகம், சீட்டும் சமம். வயசை யாரு கேட்டா?" ஐகோர்ட்டில் இங்கிலீஷில் பேசினார்கள், அவள் என் காதில் சொல்லிக்கொண்டே வந்தாள். ஜட்ஜ் அரசு வக்கீலிடம், "இந்த நிபந்தனை சட்டத்துல எங்க இருக்கு, காட்டுங்க" என்றாராம். அவர் புத்தகத்தைப் புரட்டினார், புரட்டினார், கடைசியில் பயணிகள் நன்மைக்கு என்றார். "நன்மை சரி. சட்டத்துல இல்லாததை அதிகாரி தன் இஷ்டத்துக்குச் சேர்க்க முடியாது. ஒரே ரகமான்னு பாருங்க, அதோட நில்லுங்க" என்று சொல்லி, அந்த உத்தரவையே ரத்து செய்துவிட்டார். எனக்குக் கால் தரையில் நிற்கவில்லை, எழுந்தே விட்டேன், போலீஸ்காரர் வந்து உட்காரச் சொன்னார்.

அனுமதியில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தபோது அந்த அதிகாரி, "சேச்சி, என்மேல கோபமா?" என்றார். "கோபம் இல்ல சார். பயணிகளுக்கு நல்லது செய்யணும்னா எங்க ரோட்டைப் பாருங்க, அது எங்க பஸ்ஸைவிடப் பழசு" என்றேன். கிளார்க்குகள் சிரித்தார்கள், பாவம், அவரும் சிரித்துவிட்டார்.

திங்கட்கிழமை முதல் டிரிப். டிரைவரை வீட்டுக்கு அனுப்பிவிட்டு அப்பச்சனே ஓட்டினார், நான் அவருக்குப் பின் சீட்டில். கார்த்தியாயனி புருஷனை ஜன்னலோரம் உட்கார வைத்து, "சேச்சி, சீட்டு பழசைவிட மெத்துனு இருக்கே!" என்றாள். வளைவில் மத்தச்சனின் பஸ் எதிரே வந்தபோது அப்பச்சன் அழுத்திய ஹாரன் பள்ளத்தாக்கு முழுக்கக் கேட்டிருக்கும். எல்லாவற்றையும் விற்றுவிட்டு உன்னோடு வந்து இருக்கச் சொன்னாயே, அதை அன்று சாயங்காலம் அவரிடம் கேட்டேன். "வரலாம்டி. ஆனா அங்க எனக்கு யாரு பெர்மிட் குடுப்பா?" என்கிறார். ஆகவே மகளே, நீங்கள்தான் இங்கே வர வேண்டும்.

மாதா உங்கள் மூவரையும் காக்கட்டும். குழந்தைக்குத் தடுப்பூசியைத் தள்ளிப்போடாதே, நைட் டியூட்டி முடிந்து வெறும் வயிற்றோடு படுக்காதே.

முத்தங்களோடு,
உன் அம்மச்சி ஏலிக்குட்டி