இரண்டு இடக்கைகள்

மார்ச் 4
நேற்றும் பொட்டுத் தூக்கமில்லை. பக்கத்தில் இவர் விடும் குறட்டையை எண்ணினேன், நிமிஷத்துக்குப் பதினான்கு. எனக்கு வந்தது கோபமா, பொறாமையா?

மார்ச் 6
மானம் போச்சு. பூப்போட்ட மேற்சட்டைக்குக் கை வெட்டினேன் – ரெண்டும் இடது கை! ஒன்றை வெட்டிவிட்டு, அளவுத் தாளைத் திருப்பிப் போட மறந்திருக்கிறேன். பத்தொன்பது வருஷமாக வெட்டுகிறவளுக்கு இது தேவையா? அச்சுத் துணி, உள்பக்கத்தை வெளியே காட்டவும் வழியில்லை.
தையல்கடை முதலாளியம்மா திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். "கொஞ்ச நாள் பட்டன் தைங்க. ஒழுங்கா தூங்கிட்டு வாங்க, அப்புறம் தர்றேன்" என்று என் கத்தரிக்கோலை டிராயருக்குள் போட்டுப் பூட்டினார். தூக்கம் என்ன கடையிலயா விக்குது?

மார்ச் 9
டாக்டரம்மா மாத்திரை தருவார் என்று போனேன். கண் சொருகினால்தான் படுக்கணுமாம். தூக்கம் வரலைன்னா எழுந்து உட்காரணுமாம். எப்போ தூங்கினாலும் காலை ஆறுக்கு எழுந்துடணும், பகலில் தூங்கவே கூடாது. நல்ல வைத்தியம்!

மார்ச் 13
பட்டன் தைக்கும்போதே தூங்கி வழிந்திருக்கிறேன். சட்டையோடு என் துப்பட்டாவையும் சேர்த்துத் தைத்துவிட்டேன். எழுந்தால் சட்டையும் கூடவே வருகிறது. கடையே சிரித்தது. நானும் சிரித்துத் தொலைத்தேன்.

மார்ச் 14
லீவு. மத்தியானம் சோபாவில் சாய்ந்தேன். இவர் என் முகத்தில் தண்ணீர் தெளித்து எழுப்பினார். "டாக்டரம்மா ஆர்டர்" என்று ஒரு இளிப்பு வேறு. போடா என்று சொல்லிவிட்டேன். அப்புறம் அழுதேன்.

மார்ச் 22
நாலு மணி நேரம். சேர்ந்தாற்போல! யாரிடமும் சொல்லவில்லை, கண் பட்டுவிடும்.

மார்ச் 29
அஞ்சரை மணி நேரம். முதலாளியம்மா என் கண்ணை உற்றுப் பார்த்தார். "இன்னும் கொஞ்ச நாள் போகட்டும்."

ஏப்ரல் 2
காலையில் கதவைத் திறந்தால் வாசலெல்லாம் தண்ணீர். கொடியில் துணியெல்லாம் சொட்டச் சொட்ட நனைந்து கிடக்கிறது. ராத்திரி விழுந்த இடியில் தெருவே அலறி எழுந்ததாம். எனக்கு ஒன்றுமே தெரியாது.
"நீ அசையவே இல்ல. மூக்குக்கிட்ட விரல வச்சுப் பார்த்தேன்" என்றார் இவர்.
"துணிய எடுத்திருக்கலாமே?"
"நான் எழுந்தா நீயும் முழிச்சிடுவியோன்னு பயம்."
இந்த மனுஷனையா போடா என்றேன்! நனையட்டும், அத்தனை துணியும் நனையட்டும்.
ஈர உடுப்போடுதான் வேலைக்குப் போனேன். ஏன் ஈரம் என்று சொன்னதும் முதலாளியம்மா விழுந்து விழுந்து சிரித்தார். சிரித்துக்கொண்டே டிராயரைத் திறந்தார்.
ஒரு கையை வெட்டினேன். தாளைத் திருப்பிப் போட்டேன். இன்னொன்றை வெட்டினேன். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன்.
ஒன்று இடது. ஒன்று வலது.