தலைத்தண்ணி

குருண்
செவ்வாய்க்கிழமை

பண்டார் பாருவில் இருக்கும் அம்மா பிலோமினாவுக்கு, ஸ்டெஃபனியின் பாட்டி அகத்தா எழுதுவது. சம்பந்தி என்று போடலாமா கூடாதா என்று பேனாவைப் பிடித்தபடி கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தேன். உங்கள் அலனுக்கும் எங்கள் ஸ்டெஃபனிக்கும், தடை இருந்தால் சொல்லுங்கள் என்று கோவிலில் முதல் கல்யாண ஓலை வாசித்தாகிவிட்டது. வாசித்ததை யாரும் திருப்பி எடுத்து வாயில் போட்டுக்கொள்ள முடியாது. அதனால் சம்பந்தி என்றே வைத்துக்கொள்ளுங்கள். தேவமாதா உங்கள் வீட்டையும் எங்கள் வீட்டையும் காக்கட்டும். சுகமா என்று கேட்கிற அளவுக்கு என் கோபம் இன்னும் இறங்கவில்லை. அதை அப்புறம் கேட்கிறேன்.

போன் அடித்தால் நீங்கள் எடுப்பதில்லை. என் மருமகள் வாட்ஸ்அப்பில் அனுப்பியதெல்லாம் நீல டிக் விழுந்து கிடக்கிறது, பதில் இல்லை. என் மகன் கேப்ரியல் ஜொகூருக்கு லாரி ஓட்டுகிறவன், அவனைத்தான் உங்களுக்குத் தெரியுமே, வாய் திறக்கத் தெரியாதவன். விடும்மா, நாம பொண்ணு வீடு, நாமதான் தாழ்ந்து போவணும் என்கிறான். எனக்குத் தாழ்ந்து போகத் தெரியாது. ரப்பர் எஸ்டேட்டில் பால் மரம் வெட்டிய காலத்தில் குனிந்ததோடு சரி. அதனால் நானே எழுதுகிறேன். ஐந்தாம் வகுப்பு வரைக்கும் படித்த படிப்பு இதற்குப் போதும்.

போன வாரம் நீங்கள் ஃபாதருக்குப் போன் போட்டு இரண்டாம் ஓலையை நிறுத்தச் சொல்லியிருக்கிறீர்கள். என்ன தடை என்று அவர் கேட்டதற்கு, பெண் தண்ணி போடுகிறவள் என்று சொன்னீர்களாம். ஆம்பளப் பசங்க நடுவுல நின்னு, தல, தண்ணி குடு, தல, தண்ணி குடுன்னு கூவுற பொண்ண நான் எப்படி ஃபாதர் மருமகளா எடுக்கிறது என்றீர்களாம். ஃபாதர் இதைக் கேப்ரியலிடம் கேட்டபோது அவன் பெட்ரோல் ஸ்டேஷனில் நின்றிருக்கிறான். போனை அணைத்துவிட்டு லாரியில் ஏறி உட்கார்ந்துகொண்டானாம். பையன் வீட்டிலிருந்து வார்த்தை வந்தால்தான் இந்த ஞாயிற்றுக்கிழமை இரண்டாம் ஓலை வாசிப்பேன் என்று ஃபாதர் சொல்லிவிட்டார். அவர் மேல் எனக்குக் கோபம் இல்லை. சட்டம் அப்படி.

உங்கள் மேல்தான் கோபம். வரிசையாகச் சொல்கிறேன், உட்கார்ந்து படியுங்கள்.

எங்கள் பெண் உங்கள் மகனைக் காட்டுக்குள் இழுத்துக்கொண்டு போனாள் என்று சொந்தக்காரர்களிடம் சொல்லியிருக்கிறீர்கள். இழுத்துக்கொண்டு போனது யார்? ஸ்டெஃபனியின் போனில் இருந்த அருவிப் படத்தைப் பார்த்துவிட்டு, கல்யாணத்துக்கு முன்னாடி அங்கே நின்று படம் எடுத்தே ஆகணும், யாருமே எடுக்காத இடமா இருக்கு என்று குதித்தது உங்கள் அலன். அவள் வேண்டாம் என்றாள். மழைக்காலம், பாறையெல்லாம் பாசி என்றாள். பயப்படாதலா, நான் இருக்கேன்லா என்றான். இருந்த லட்சணத்தைத்தான் பார்த்தோம்.

ஓலை வாசித்த பிள்ளைகளைத் தனியாகக் காட்டுக்கு அனுப்புகிற குடும்பமும் இல்லை எங்களுடையது. நானும் போனேன். இந்த முட்டியை வைத்துக்கொண்டு, செம்பனைக் காட்டைத் தாண்டி, பழைய ரப்பர் மரங்களைத் தாண்டி, காட்டுக்குள் ஒற்றையடிப் பாதையில் நடந்தேன். ஸ்டெஃபனியின் சிநேகிதி லோகேஸ்வரி வந்தாள். உங்கள் மகனோடு குலிம் ஃபேக்டரியில் வேலை செய்கிற அந்தப் புவனேஸ்வரன் வந்தான். வழியெல்லாம் என்னை, பாட்டி, டாக்ஸி கூப்பிடவா என்று கேலி பண்ணிக்கொண்டே வந்தான். அட்டை கடித்ததும் அவன்தான் முதலில் அலறினான்.

அந்த இடத்துக்கு நாங்கள் அண்டா என்று பெயர் வைத்திருக்கிறோம். அருவி விழுகிற இடத்தில் பாறை குடைந்து, கல்யாண வீட்டு அண்டா மாதிரி வட்டமாக, ஆழமாக இருக்கும். பிடித்துக்கொள்ளக் கயிறு கிடையாது, எச்சரிக்கைப் பலகை கிடையாது, டிக்கெட் கிடையாது. எஸ்டேட்டில் பிறந்தவர்களுக்கு மட்டும்தான் வழி தெரியும். தண்ணீர் அத்தனை தெளிவாக இருக்கும், அடியில் கிடக்கிற கூழாங்கல்லைக் கையால் எடுத்துவிடலாம் போலத் தோன்றும். இறங்கினால்தான் தெரியும் ஆழம். நான் கரையில் ஒரு வேரில் உட்கார்ந்து, சோற்றுப் பொட்டலத்தைக் குரங்கு தூக்கிப் போகாமல் காவல் காத்தேன். உங்கள் மகன் அண்டாவுக்குள் நீந்தினான். என் பேத்தி பாறை மேல் உட்கார்ந்து கால் மட்டும் நனைத்தாள். முழுக்கைச் சட்டை, கழுத்தில் துப்பட்டா. உடுப்பைப் பற்றியும் ஏதோ பேசினீர்களாம், அதற்காக இதைச் சொல்கிறேன்.

இப்போது அந்த வார்த்தைக்கு வருகிறேன்.

மலை உச்சியில் மழை பெய்தால், கீழே வெயில் அடித்துக்கொண்டிருக்கும்போதே, சுவர் மாதிரி ஒரு வெள்ளம் இறங்கி வரும். மலாய்க்காரர்கள் கெப்பாலா ஆயர் என்பார்கள். எங்கள் எஸ்டேட்டில் அதை அப்படியே தமிழாக்கி, தலைத்தண்ணி என்போம். நடக்கப் பழகிய பிள்ளைக்குக்கூட அந்த வார்த்தை தெரியும். அதைக் கேட்டால் துவைக்கிற துணியை அப்படியே போட்டுவிட்டு மேலே ஓடுவோம். உங்கள் பிள்ளைகள் டவுனில், தாமான் வீட்டில் வளர்ந்தவர்கள், குழாயில் வருகிற தண்ணீர்தான் அவர்களுக்குத் தெரியும். அது குற்றம் இல்லை.

அருவியில் சருகு கொத்துக் கொத்தாக வந்தது. தண்ணீர் தேத்தண்ணி நிறத்துக்கு மாறியது. ஸ்டெஃபனி பார்த்துவிட்டாள். எழுந்து நின்று, தலத்தண்ணி, தலத்தண்ணி, மேல ஏறுங்க என்று கத்தினாள். அருவிச் சத்தத்தில் மேல ஏறுங்க என்றது அடிபட்டுப் போய்விட்டது. மிச்சம்தான் அவர்கள் காதில் விழுந்தது. கரையோரமாக நின்று போனில் படம் பிடித்துக்கொண்டிருந்த புவனேஸ்வரன் விழுந்து விழுந்து சிரிக்கிறான். டேய் அலன், உன் ஆளு உன்னைத் தலன்னு கூப்பிட்டுத் தண்ணி கேக்குதுடா என்கிறான். உங்கள் மகனும் சிரித்துக்கொண்டே கையைத் தூக்கி, இரு செல்லம், ராத்திரிக்கு வாங்கித் தரேன் என்றான். அவள் தொண்டை கிழியக் கத்துகிறாள், இவன் தண்ணீருக்குள் நின்று டான்ஸ் ஆடுகிறான். நான் எழுந்து, டேய் முட்டாப் பயலே என்று கத்தியது அவனுக்குக் கேட்டிருக்காது. கேட்டிருந்தாலும் பரவாயில்லை.

புவனேஸ்வரன் எடுத்த படம் அதோடு நிற்கிறது. ஏன் நிற்கிறது தெரியுமா? அதற்கு அடுத்த நொடி தண்ணீர் வந்துவிட்டது. போனைப் பிடித்தவனை லோகேஸ்வரி சட்டைக் காலரைப் பிடித்து மேலே இழுத்துப் போட்டாள். நீங்கள் சொந்தக்காரர் குரூப்பில் எல்லாருக்கும் அனுப்பி, பாருங்கள் வருகிற மருமகள் லட்சணத்தை என்று போட்டீர்களே, அந்தப் படம் முடிகிற இடத்தில்தான் உங்கள் மகனுடைய உயிர் ஊசலாட ஆரம்பித்தது.

அதற்கப்புறம் நடந்ததை யாரும் படம் பிடிக்கவில்லை. நான் சொல்கிறேன். வெள்ளம் அவனைத் தூக்கிப் பாறையில் ஓர் அடி அடித்தது. அதில்தான் கால் உடைந்தது. ஸ்டெஃபனி ஓடவில்லை. பாறை மேல் குப்புறப் படுத்து, துப்பட்டாவைச் சுருட்டி வீசினாள். இரண்டு தடவை தவறியது. மூன்றாவது தடவை அவன் பிடித்துக்கொண்டான். தண்ணீர் அவனோடு சேர்த்து அவளையும் இழுத்தது. நான் அவள் இடுப்பின் மேல் விழுந்து, இரண்டு கையாலும் கட்டிக்கொண்டு, மாதாவே மாதாவே என்று கத்தினேன். லோகேஸ்வரி என் காலைப் பிடித்துக்கொண்டாள். அந்த வீரப் புலி புவனேஸ்வரன் அப்போதுதான் எழுந்து வந்து கை கொடுத்தான், எல்லாருமாக உங்கள் மகனைக் கரையில் இழுத்துப் போட்டோம். ஸ்டெஃபனிக்கு முழங்கையிலிருந்து மணிக்கட்டு வரைக்கும் தோல் இல்லை. பார்த்தீர்களா நீங்கள்? ஆஸ்பத்திரியில் உங்கள் எதிரே கையைப் பின்னால் மறைத்துக்கொண்டு நின்றாள். அம்மா பயந்துடுவாங்க பாட்டி என்று என் காதில் சொன்னாள்.

ஆஸ்பத்திரியில் இதையெல்லாம் உங்களிடம் சொல்ல வாயெடுத்தேன். நீங்கள் என்ன சொன்னீர்கள்? வேலிக்கு ஓணான் சாட்சியா என்றீர்கள். நான் ஓணான். சரி. மறுநாள் விடியும் முன் சந்தைக்குப் போய் உயிரோடு ஹாருவான் என்கிற விரால் மீன் வாங்கி, காயம் சீக்கிரம் ஆறட்டும் என்று இஞ்சி போட்டு சூப் வைத்து அனுப்பினேன். மூடியைக்கூடத் திறக்காமல் திருப்பி அனுப்பினீர்கள். உங்கள் வீட்டுக்காரர் மோரிஸ் அதை என் மருமகள் கையில் கொடுக்கும்போது தலை குனிந்து நின்றாராம். நல்ல மனுஷன். அவரிடம் என் விசாரிப்பைச் சொல்லுங்கள். சூப்பை நாங்கள் குடித்துவிட்டோம், வீணாக்கவில்லை.

இனி உங்கள் மகன் விஷயம். என் மருமகளுக்கு நீங்கள் அனுப்பிய குரல் செய்தியை நான் திரும்பத் திரும்பப் போடச் சொல்லிக் கேட்டேன். நான் இட்டுக்கட்டி ஒண்ணும் பேசல, என் மகன் கிட்டயே கேட்டேன், ஆமாமா, தல தண்ணின்னுதான் கேட்டுச்சுன்னு அவன் வாயாலயே சொல்லிட்டான் என்கிறீர்கள். அதைக் கேட்ட ராத்திரி நான் அவனைத் திட்டாத திட்டு இல்லை. உயிரைக் காப்பாற்றினவளைக் காட்டிக் கொடுத்தானே, இவன் மனுஷனா, இவனுக்கா நம் பிள்ளையைக் கொடுக்கப் பார்த்தோம் என்று கத்தினேன். ஸ்டெஃபனி சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்திருந்தாள். திரும்பாமலே சொன்னாள். பாட்டி, அவரு கேட்டுச்சுன்னுதானே சொல்லியிருக்காரு. காதுல அப்படிக் கேட்டுச்சுன்னு சொல்லியிருப்பாரு.

எனக்குக் கொஞ்ச நேரம் விளங்கவில்லை. அப்புறம் விளங்கியது. நம் பாஷையில் காது செய்கிற வேலைக்கும் கேட்பது என்றுதான் பெயர், வாய் செய்கிற வேலைக்கும் கேட்பது என்றுதான் பெயர். இந்தக் காலத்துப் பையன்கள் கட்டிக்கப்போகிற பெண்ணையே அது வந்துச்சு, அது போச்சு என்று பேசுகிறவர்கள். உங்கள் மகன், என் காதில் அப்படி விழுந்தது என்று சொன்னானா, அவள் அப்படிக் கேட்டாள் என்று சொன்னானா? நீங்கள் உங்களுக்குப் பிடித்த அர்த்தத்தை எடுத்துக்கொண்டு நேரே ஃபாதரிடம் போய்விட்டீர்கள்.

அப்படியே இருந்தாலும் அவன் மேல் எனக்குக் கோபம் இல்லாமல் இல்லை. அவனுடைய போன் வெள்ளத்தோடு போய்விட்டது, தெரியும். வீட்டில் வேறு போனே இல்லையா? உடைந்தது கால்தானே, நாக்கு இல்லையே? ஒரு தடவை அவளோடு பேசியிருந்தால் நான் இந்தக் கடிதம் எழுத வேண்டிய வேலை இல்லை. நீங்கள் அந்தப் படத்தை ஊருக்கெல்லாம் அனுப்பியதும், ஓலையை நிறுத்தியதும் அவனுக்குத் தெரியுமா தெரியாதா என்றுகூட எங்களுக்குத் தெரியவில்லை. தெரியும் என்றால் அவன் வேண்டாம். நானே சொல்கிறேன், வேண்டாம். தெரியாது என்றால், அவனிடம் மறைக்கிற அளவுக்கு உங்களுக்கே ஏதோ உறுத்துகிறது என்று அர்த்தம்.

இங்கே நிலைமை என்னவென்றால், அந்தப் படம் ஸ்டெஃபனி வேலை செய்கிற ஃபேக்டரிக்கும் போய்விட்டது. கேன்டீனில் ஒருத்தன் காலித் தம்ளரை அவளிடம் நீட்டி, தல, தண்ணி என்றானாம். அன்றைக்கு வீட்டுக்கு வந்தவள்தான், வேலைக்குப் போகவில்லை. கையில் மருந்து போடும்போது எரியும், எரிகிறது என்று சொல்ல மாட்டேன் என்கிறாள். தையல்காரி ரவிக்கை அளவு பார்க்க வரட்டுமா என்று கேட்டாள். ஸ்டெஃபனி என்னைப் பார்த்தாள். நான் அந்தப் பக்கம் பார்த்தேன். என் ஆயுசுக்கும் நான் யார் கேள்விக்கும் முகம் திருப்பியது இல்லை.

நான் உங்களிடம் மன்னிப்புக் கேட்கச் சொல்லவில்லை. கேட்டால் வாங்கிக்கொள்வேன், அது வேறு. உங்கள் மகன் பக்கத்தில் போய் உட்காருங்கள். தம்பி, தல தண்ணின்னு உன் காது கேட்டுச்சா, அந்தப் பொண்ணு வாய் கேட்டுச்சா என்று ஒரே ஒரு கேள்வி கேளுங்கள். படம் நின்ற பிறகு என்ன நடந்தது என்றும் கேளுங்கள். அவன் சொல்வதை முழுசாகக் கேட்டுவிட்டு, அப்புறமும் அவள் உங்கள் வீட்டுக்கு ஆகமாட்டாள் என்று தோன்றினால் ஃபாதருக்குப் போன் போட வேண்டாம். நான் போய்ச் சொல்லிவிடுகிறேன்.

அலனுக்கு இரவில் வலி இருக்கும். காலுக்குக் கீழே தலையணை வைத்து உயர்த்திப் போடுங்கள். அவனுக்காகத் தினமும் ஒரு ஜெபமாலை சொல்கிறேன். திட்டிக்கொண்டேதான் சொல்கிறேன், ஆனாலும் சொல்கிறேன். உங்களுக்குச் சர்க்கரை இருக்கிறது என்று மோரிஸ் சொன்னார், நேரத்துக்குச் சாப்பிடுங்கள். இப்போது கேட்கிறேன், சுகமா?

ஞாயிற்றுக்கிழமை பூசைக்கு ஸ்டெஃபனியை அழைத்துக்கொண்டு போவேன். முன் வரிசையில்தான் உட்காருவோம். ஃபாதர் ஓலைக் காகிதத்தை எடுக்கும்போது அவள் என் கையைப் பிடிப்பாள், எனக்குத் தெரியும். அவர் வாசிக்கிற பெயர்களில் அவள் பெயர் இருக்க வேண்டும் அம்மா. இதற்கு மேல் எனக்கு எழுத வரவில்லை. ஆண்டவர் உங்கள் பிள்ளைக்கும் என் பிள்ளைக்கும் நீண்ட ஆயுசைக் கொடுக்கட்டும்.

இப்படிக்கு,
கோபம் குறையாத, ஆனால் உங்கள் போனுக்காகக் காத்திருக்கும்
அகத்தா